11 தடவை ஜெயித்த சாங்கோலா ஆம்தார் (எம்.எல்.ஏ.): நம்மில் யாருக்காவது தெரியுமா?

ஆன்டாப்ஹில் அருண்

எல்லோருக்கும் வணக்கம். எங்கள் ஆபீஸில் சோலாப்பூர்க்காரர் ஒருவர் இருக்கிறார். நேற்று டீ நேரத்தில் அரசியல் பேச்சு வந்தது. "எங்கள் கலைஞர் சட்டமன்றத்துக்கு 13 தடவை நின்றார், 13 தடவையும் ஜெயித்தார்" என்று நான் சட்டைக் காலரைத் தூக்கிவிட்டேன். அவர் டீயை ஊதிக்கொண்டே, "எங்கள் ஆபா 11 தடவை. ஒரே ஊர், ஒரே கட்சி. அந்தக் கட்சி ஒரு நாளும் தனியாக ஆட்சிக்கு வந்ததில்லை. இப்போது சொல்" என்றார். பதில் வரவில்லை எனக்கு.

அவர் ஆபா என்றது கண்பத்ராவ் தேஷ்முக்கை. அந்தப் பெயரை அன்றுதான் முதல் தடவை கேட்டேன். 20 வருஷமாக மும்பையில் இருக்கிறேன், ஓட்டும் இங்கேதான். மன்னார்குடி எம்.எல்.ஏ. யார் என்று கேட்டால் தூக்கத்தில்கூடச் சொல்வேன். சாங்கோலா எந்தத் திசையில் இருக்கிறது என்றுகூடத் தெரியவில்லை. விவரம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

கூடவே இன்னொரு சின்னக் கேள்வி. எங்கள் கட்டடத்தில் நாலு மாதமாகத் தண்ணீர் மேல்மாடிக்கு ஏறவில்லை. "ஆம்தாரிடம் லெட்டர் வாங்கு" என்கிறார் பக்கத்து வீட்டு மாமா. ஆம்தார் லெட்டருக்குத் தண்ணீர் ஏறுமா?

கிங்ஸ் சர்க்கிள்

முதலில் கணக்கு. சாங்கோலாவில் அவர் ஜெயித்த வருஷங்கள்: 1962, 1967, 1974 (இடைத்தேர்தல்), 1978, 1980, 1985, 1990, 1999, 2004, 2009, 2014. தோற்றது இரண்டே தடவை, 1972லும் 1995லும். 95ல் தோற்ற வித்தியாசம் 192 ஓட்டு. நம் ஊர் சால் (வரிசைக் குடியிருப்பு) ஒன்றின் ஆட்கள் அளவுக்கு ஓட்டுப் போடப் போயிருந்தால் கதை மாறியிருக்கும்.

54 வருஷம், 55 வருஷம் ஆம்தாராக இருந்தார் என்று எழுதுகிறார்கள். இடைவெளிகளைக் கழித்துக் கூட்டிப் பாருங்கள், 51க்குப் பக்கத்தில்தான் வரும். அதுவும் குறைச்சல் இல்லை.

கலைஞருடையது வேறு வகை. குளித்தலை, தஞ்சாவூர், சைதாப்பேட்டை, அண்ணா நகர், துறைமுகம், சேப்பாக்கம், திருவாரூர் என்று தொகுதி மாறிக்கொண்டே இருந்தார். 1991ல் துறைமுகத்தில் 890 ஓட்டில் ஜெயித்து உடனே ராஜினாமா செய்தார். அதுவும் அந்த 13ல் ஒன்று.

"ஒரே தொகுதி" என்பதுதான் பந்தயம் என்றால் உங்கள் சோலாப்பூர் நண்பரும் கொஞ்சம் அடக்கி வாசிக்க வேண்டும். கேரளத்தில் கே.எம். மாணி, பாலா தொகுதியில் மட்டும் 13 தடவை. அதில் 1965 தேர்தலில் ஜெயித்த சபை கூடவே இல்லை என்பது தனிக் கதை. உம்மன் சாண்டி புதுப்பள்ளியில் 1970லிருந்து 2021 வரை 12 தடவை, ஒரு தோல்விகூடக் கிடையாது.

நெல்லை எக்ஸ்பிரஸ்

இன்னும் யாரும் கக்கனைக் கொண்டுவரவில்லையே? பஸ்ஸில் போனார், ஆஸ்பத்திரியில் பொது வார்டில் படுத்திருந்தார் என்று ஆரம்பிக்க வேண்டியதுதானே. நான் காத்திருக்கிறேன்.

தாராவிக்காரி

கொண்டுவருவார்கள். அடுத்து மதுரை நன்மாறன், வாடகை வீடு. எளிமையான எம்.எல்.ஏ. என்றாலே நமக்குக் கண் கலங்கிவிடும். எனக்கும் கலங்கும், இல்லை என்று சொல்லவில்லை. ஆனால் பஸ்ஸில் போனார் என்பது அவருடைய குணம். அந்தப் பதவியில் உட்கார்ந்து என்ன செய்தார் என்று சொல்லுங்கள். எத்தனை தடவை ஜெயித்தார் என்ற ஸ்கோர் எனக்கு வேண்டாம்.

வாசி மாதுளை

வந்துட்டேன். இது என் ஏரியா.

வாசி மார்க்கெட்டில் மாதுளை வியாபாரம்தான் எனக்கு. 20 வருஷத்துக்கு மேல் ஆகிறது. சீஸனில் மாதத்துக்கு ரெண்டு தடவையாவது சாங்கோலா, பண்டர்பூர், ஆட்பாடி என்று சுற்றுவேன். பண்டர்பூர் விட்டலன் கோயில் எல்லோருக்கும் தெரியும். அங்கிருந்து தென்மேற்கே ஒரு மணி நேரம்கூட ஆகாது சாங்கோலாவுக்கு. மான் என்று ஒரு நதி இருக்கிறது. பேர்தான் நதி. நான் பார்த்த பாதி நாள் அதில் ஆடு மேய்ந்துகொண்டிருந்தது. மண்ணைக் கையில் எடுத்தால் சரளைக்கல். எங்கள் கோவில்பட்டிக் கரிசலே தேவலை என்று தோன்றும்.

ஆபாசாகேப் என்றுதான் அங்கே சொல்வார்கள். கட்சி ஷேத்கரி காம்கார் பக்ஷ, அதாவது விவசாயி தொழிலாளர் கட்சி. செங்கொடிதான், ஆனால் கம்யூனிஸ்ட் கட்சி இல்லை. 1947ல் காங்கிரஸிலிருந்து பிரிந்த ஆட்கள் ஆரம்பித்தது. ஒரு காலத்தில் மகாராஷ்டிரத்தில் பெரிய எதிர்க்கட்சி. அப்புறம் கரைந்து கரைந்து ராய்கட் பக்கம் கொஞ்சம், சாங்கோலாவில் இவர் என்று ஆகிவிட்டது. கூட இருந்தவர்கள் எத்தனையோ பேர் பெரிய கட்சிகளுக்குப் போனார்கள். இவர் போகவில்லை. மந்திரியாகவும் இருந்தார், 1978ல் சரத் பவார் மந்திரிசபையிலும், 1999ல் விலாஸ்ராவ் தேஷ்முக் மந்திரிசபையிலும். மற்ற வருஷமெல்லாம் பெரும்பாலும் எதிர் வரிசை பெஞ்சுதான்.

ஒரு தோட்டக்காரர் வீட்டுத் திண்ணையில் காய் தரம் பிரித்துக்கொண்டிருந்தோம். பக்வா ரகம், தோல் குங்குமம் மாதிரி இருக்கும். பெரியவர் ஒவ்வொரு காயாகத் திருப்பிப் பார்த்து, எண்ணெய்க் கறை மாதிரி கறுப்புப் புள்ளி இருந்தால் தனிக் கூடையில் போடுவார். தேல்யா என்று ஒரு நோய், அந்தப் புள்ளி விழுந்தால் விலை பாதிதான். சும்மா பேச்சுக்கு, "எதுக்கு ஒரே ஆளுக்கே ஓட்டுப் போடுறீங்க?" என்று கேட்டேன். அவர் காயைக் கீழே வைக்கவே இல்லை. "என் அப்பன் 72 பஞ்சத்தில் ரோட்டுக்குக் கல் உடைத்தான். கூலி வரவில்லை என்றால் இவரிடம்தான் போவோம். இவர் தாசில்தார் ஆபீஸ் வாசலில் வந்து உட்காருவார். தண்ணி கொண்டுவந்தாரா இல்லையா என்பது அப்புறம். கூட உட்கார்ந்தாரே" என்றார்.

72ல் அவர் தேர்தலில் தோற்ற வருஷம் என்று கிங்ஸ் சர்க்கிள் சார் எழுதியதைப் பார்த்ததும்தான் எனக்கு உறைத்தது. அப்போது அவர் ஆம்தாராகவே இல்லை!

தாராவிக்காரி

கேட்க நன்றாக இருக்கிறது அண்ணாச்சி. ஆனால் கூட உட்கார்வதற்கா 11 தடவை அனுப்பினார்கள்? 51 வருஷம் ஒருத்தர் ஆம்தார், நதியில் ஆடு மேய்கிறது. இதே வேறு கட்சிக்காரர் என்றால் நாம் விடுவோமா? தண்ணீர் எப்போது வந்தது, யார் கொண்டுவந்தது, அதைச் சொல்லுங்கள்.

வாசி மாதுளை

நியாயமான கேள்வி. மழுப்ப மாட்டேன்.

கிருஷ்ணா நதி சாத்தாரா, சாங்க்லி வழியாகப் போகிறது. சாங்கோலா கிழக்கே, மேட்டில். தண்ணீர் தானாக வராது, மோட்டார் போட்டு ஏற்ற வேண்டும். டெம்பு திட்டம், மைசாள் திட்டம் என்று பேர். கராட் பக்கம் டெம்புவில் எடுத்து, கட்டம் கட்டமாக மேலே ஏற்றிக் கொண்டுவருவது. கரும்பு விளைகிற ஆற்றோரத் தாலுகாக்களுக்குத்தான் அரசியல் பலம், சர்க்கரை ஆலை, மந்திரி எல்லாம். மேட்டு நிலத்துக்காரனுக்கு யார் ஏற்றுவார்கள்? 1993ல் ஆட்பாடியில் பாணி பரிஷத் என்று ஆரம்பித்தார்கள், தண்ணீர் மாநாடு. 13 பஞ்சத் தாலுகாக்கள் சேர்ந்தது. சுதந்திரப் போராட்டக்காரர் நாக்நாத் அண்ணா நாயக்வாடி ஒரு பக்கம், இவர் ஒரு பக்கம். வருஷா வருஷம் கூட்டம். டெம்பு வேலை 96ல் தொடங்கியது. தண்ணீர் கடைசி வாய்க்காலுக்கு வர எத்தனை வருஷம் ஆனது என்று கேட்காதீர்கள், எனக்கே கோபம் வரும். சில வாடிகளுக்கு (குக்கிராமங்களுக்கு) இன்னும் டேங்கர்தான்.

அதனால், "கொண்டுவந்தார்" என்று ஒற்றை வரியில் எழுத எனக்குக் கை வரவில்லை. கேட்பதை நிறுத்தவில்லை என்று எழுதலாம்.

மாதுளையும் அப்படித்தான். முழுக்க அவர் கணக்கில் எழுத முடியாது. 1990ல் மாநில அரசு வேலை உறுதித் திட்டத்தைத் தோட்டப்பயிரோடு சேர்த்தது. உன் நிலத்தில் நீயே குழி தோண்டு, கன்று நடு, கூலி அரசு தரும் என்றார்கள். சரளை மண்ணில் மாதுளை ஊன்றியது அதில்தான். 2020 டிசம்பர் 28ல் நாட்டின் 100வது கிசான் ரயில் எங்கிருந்து கிளம்பியது தெரியுமா? சாங்கோலாவிலிருந்து, வங்காளத்தில் ஷாலிமாருக்கு. பிரதமர் கொடியசைத்தார். டிவியில் பார்த்துவிட்டு எங்கள் மார்க்கெட்டில் பாதிப் பேர் "அட, நம்ம சாங்கோலா" என்றார்கள். மீதிப் பேர் "போச்சு, இனி கல்கத்தாக்காரன் விலையை ஏத்திடுவான்" என்றார்கள்.

கிங்ஸ் சர்க்கிள்

வேலை உறுதித் திட்டம் என்றதும் ஒன்று. உங்கள் சம்பளச் சீட்டை எடுத்துப் பாருங்கள். மாதா மாதம் 200 ரூபாய், பிப்ரவரியில் 300, "பி.டி." என்று பிடித்திருப்பார்கள். தொழில் வரி. மகாராஷ்டிரத்தில் 1975ல் அதைக் கொண்டுவந்ததே இந்தத் திட்டத்துக்காகத்தான். பம்பாயில் சம்பளம் வாங்குகிறவன் கொடுக்க வேண்டும், பஞ்சத் தாலுகாவில் கல் உடைக்கிறவனுக்குக் கூலி போக வேண்டும். திட்டத்தை யோசித்தவர் மேலவைத் தலைவராக இருந்த வி.எஸ். பாகே. 1977ல் சட்டமானது. வேலை கேட்பது உரிமை, கொடுக்காவிட்டால் படி கொடு என்று சட்டத்திலேயே எழுதினார்கள். 2005ல் டெல்லியில் வந்த 100 நாள் வேலைச் சட்டத்துக்கு முன்மாதிரி இதுதான்.

1978ல் பென்ஷன் இலாகாவில் சேர்ந்ததிலிருந்து ரிட்டயர் ஆகும் வரை நான் கட்டியிருக்கிறேன். ஒரு நாளும் எதற்கு என்று கேட்டதில்லை. அந்தத் திண்ணைப் பெரியவரின் அப்பாவுக்குத்தான் போயிருக்கிறது போல.

(திருத்தம்: 72 பஞ்ச வேலைகள் சட்டத்துக்கு முந்தியவை. அப்பாவுக்குப் போயிருக்காது, பெரியவருக்கே போயிருக்கலாம்.)

பழைய டைப்பிஸ்ட்

அருண் தம்பி கேட்ட லெட்டர் விஷயத்துக்கு வருகிறேன். இங்கே ஒரு ஆம்தாரின் ஆபீஸில் பல வருஷம் டைப் அடித்தவன் நான். எந்தக் கட்சி, எந்தத் தொகுதி என்று கேட்காதீர்கள்.

காலை ஒன்பது மணிக்கு ஷட்டரைத் தூக்கும்போதே வெளியே இருபது பேர் நிற்பார்கள். ஜூன் மாதம் என்றால் பள்ளி அட்மிஷன். மழைக்காலத்தில் சுவர் இடிந்தது, சாக்கடை பொங்கியது. வருஷம் முழுக்க ஆஸ்பத்திரி பில். டிரஸ்ட் ஆஸ்பத்திரிகளில் 10 சதவீதப் படுக்கை ஏழைகளுக்கு இலவசம் என்று ஐகோர்ட்டே திட்டம் வகுத்திருக்கிறது. அது தெரியாமல் நகையை அடகு வைத்துவிட்டு வருவார்கள். தமிழ் ஆட்கள் வந்தால் சாகேப் என்னைக் கூப்பிடுவார். அவர்கள் ஊர்க்கதையிலிருந்து ஆரம்பிப்பார்கள், நான் ரெண்டு வரியில் மராத்தியில் சொல்வேன்.

எல்லா லெட்டரும் ஒரே வாக்கியத்தில்தான் முடியும்: "யோக்ய தீ கார்யவாஹி கராவி". உரிய நடவடிக்கை எடுக்கவும். கடைசியில் அதைக் கண்ணை மூடிக்கொண்டு அடிப்பேன். லெட்டர்ஹெட், கையெழுத்து, ரப்பர் ஸ்டாம்ப், "அடுத்து யாரு". வாங்கினவர் கண்ணில் ஒற்றிக்கொண்டு போவார். அங்கே அதே மாதிரி நாற்பது லெட்டர் கிளிப்பில் தொங்கும்.

இந்த வேலைக்கு ஆம்தார் தேவையில்லை என்று எனக்கே தோன்றும். ஆனால் மாநகராட்சியில் நகர்சேவக்குகளின் (கவுன்சிலர்களின்) காலம் 2022 மார்ச்சில் முடிந்தது. அப்புறம் மூன்று வருஷத்துக்கு மேல் தேர்தலே நடக்கவில்லை. அந்த இடைவெளியில் குழாய் கசிந்தாலும் ஆம்தார், குப்பை எடுக்காவிட்டாலும் ஆம்தார் என்றாகிவிட்டது. ஜனங்கள் மேல் தப்பு இல்லை.

ஆம்தாரின் நிஜமான வேலை விதான் பவனில், அதாவது சட்டமன்றத்தில். மொத்தம் 288 பேர், அதில் மும்பையிலிருந்து 36. தாராங்கித் பிரஷ்ண, நட்சத்திரக் கேள்வி என்று ஒன்று. கூட்டத்தொடருக்குப் பல வாரம் முன்பே எழுதிக் கொடுக்க வேண்டும், சீட்டுக் குலுக்கிப் போட்டு வரிசை வரும். பேர் வந்தால் மந்திரி எழுந்து நின்று பதில் சொல்ல வேண்டும், அதற்கு மேல் துணைக்கேள்வி போடலாம். லக்ஷவேதி என்று இன்னொன்று, அவசர விஷயத்துக்கு. ஒரு கேள்வி அச்சில் ஏறிவிட்டால் மந்த்ராலயாவிலிருந்து (தலைமைச் செயலகம்) ஜில்லா ஆபீஸ், அங்கிருந்து தாலுகா வரைக்கும் ஃபைல் ஓடும். "என்ன நடந்தது, உடனே குறிப்பு அனுப்பு" என்று போன் மேல் போன். பாதி நேரம் பதில் வருவதற்கு முன்பே வேலை முடிந்துவிடும். அந்த ஓட்டத்தை ஒரு சிபாரிசு லெட்டரால் உண்டாக்க முடியாது.

கண்பத்ராவ் தேஷ்முக்கை எல்லாக் கட்சிக்காரர்களும் மதித்தது இதனால்தான். பஸ்ஸில் வந்ததை எல்லோரும் சொல்வார்கள். ஆனால் அவர் சட்டம் படித்தவர். சபை விதி கையில் இருக்கும், கேள்வி பெரும்பாலும் பஞ்சம், தண்ணீர், வேலைக் கூலி. கொஞ்சம் பேரே இருக்கிற கட்சிக்கு மந்திரியைப் பதில் சொல்ல வைக்க வேறு என்ன ஆயுதம்? நாற்காலியை எறிய முடியுமா?

நெல்லை எக்ஸ்பிரஸ்

எறிகிறவர்களும் இருக்கிறார்களே சார். 2025 ஜூலையில் ஆகாஷ்வாணி ஆம்தார் நிவாஸில் (எம்.எல்.ஏ. விடுதி) பருப்பு ஊசிப்போச்சு என்று துண்டு கட்டிக்கொண்டு கீழே வந்து கேண்டீன்காரரை ஒரு ஆம்தார் அடித்த வீடியோ. என் பையன் அதை ஸ்டேட்டஸில் வைத்திருந்தான். 51 வருஷம் கேள்வி கேட்டவர் பேர் அவனுக்குத் தெரியாது.

தாராவிக்காரி

டைப்பிஸ்ட் சார் எழுதியதைப் படித்த பிறகு ஒன்று தோன்றுகிறது. நம் ஆட்கள் எந்த ஆம்தாரைப் பார்த்தாலும் முதலில் கேட்பது, "தமிழனா?" சயான் கோலிவாடாவில் கேப்டன் தமிழ்ச்செல்வன் 2014, 2019, 2024 மூன்று தடவை ஜெயித்திருக்கிறார். புதுக்கோட்டைப் பக்கத்துக்காரர். 26/11 தாக்குதல் அன்று சிஎஸ்டி ஸ்டேஷனில் அடிபட்டவர்களைத் தூக்கிப் போக உதவினார். எங்கள் அத்தை அவர் கட்சிக்கு எதிரி, ஆனாலும் ஜெயித்த அன்று கேசரி கிண்டினார். சரி, சந்தோஷம். ஆனால் அத்தையிடம், "விதான் பவனில் தாராவி பற்றி, சயான் பற்றி எந்த ஆம்தாராவது என்ன கேட்டார் என்று தெரியுமா?" என்றேன். "அதெல்லாம் நமக்கெதுக்குடி" என்றார். நானும் அதுவரை தேடிப் பார்த்ததில்லை, சும்மா அத்தையை மட்டும் சொல்லக் கூடாது.

வாசி மாதுளை

ஆபா கதையின் மிச்சத்தையும் சொல்லிவிடுகிறேன், தமிழ் சீரியல் தோற்றுவிடும்.

95ல் 192 ஓட்டில் அவரைத் தோற்கடித்தவர் ஷஹாஜிபாப்பு பாட்டீல். 99ல் ஆபா திரும்ப வந்துவிட்டார். அதற்கப்புறம் பாப்பு நிற்பார், தோற்பார். நிற்பார், தோற்பார். 2019ல் வயசாகிவிட்டது என்று ஆபா நிற்கவில்லை, பேரன் அனிகேத் நின்றார். பாப்பு ஜெயித்தார், 768 ஓட்டில். 2022ல் சிவசேனா உடைந்து எல்லோரும் குவாஹாட்டி ஓட்டலில் இருந்தார்களே, அப்போது போனில் "காய் ஜாடி, காய் டோங்கர், காய் ஹாட்டீல்" என்று, என்னா மரம் என்னா மலை என்னா ஓட்டல் என்று ஒருத்தர் பேசியது ஊரெல்லாம் ரிங்டோன் ஆச்சே, அவர்தான் இவர். 2024ல் இன்னொரு பேரன் பாபாசாகேப் அதே பழைய கட்சியில் நின்று தொகுதியைத் திரும்ப வாங்கிவிட்டார்.

ஆபா 2021 ஜூலை 30ல் போனார், 90 தாண்டிய வயசு. அன்று ராத்திரி அந்தத் திண்ணைக்காரருக்குப் போன் செய்து மறுநாள் லோடு பற்றிக் கேட்டேன். "நாளைக்குக் காய் அறுக்க ஆள் கிடையாது. எல்லோரும் ஊருக்குள் போகிறோம்" என்றார். அந்த வாரம் எனக்கு நஷ்டம்தான். கேட்கத் தோன்றவில்லை.

கிங்ஸ் சர்க்கிள்

பேரன் வந்துவிட்டார் என்றால் வாரிசு அரசியல் விவாதம் ஆரம்பிக்கும். அதற்குத் தனி இழை போடுங்கள், தயவுசெய்து. இங்கே வேண்டாம்.

நெல்லை எக்ஸ்பிரஸ்

சார், இவ்வளவு நேரம் கலைஞர் பேரை வைத்துக்கொண்டு அதைப் பேசாமல் இருந்ததே எங்கள் சாதனை.

பழைய டைப்பிஸ்ட்

அருண் தம்பிக்கு. லெட்டர் வாங்கப் போகுமுன் நீங்களே ஒரு விண்ணப்பம் எழுதுங்கள், ரெண்டு காப்பி. "தண்ணீர் வரவில்லை" என்று மட்டும் எழுதாதீர்கள். எந்தத் தேதியிலிருந்து, எந்த விங், எந்த மாடி, எத்தனை குடும்பம், வார்டு ஆபீஸில் ஏற்கெனவே கொடுத்த புகார் எண் என்ன, எல்லாம் இருக்க வேண்டும். மேல்மாடிக்கு ஏறவில்லை என்றால் வெளியே வருகிற அழுத்தமா, உங்கள் மோட்டாரா என்று முதலில் பிளம்பரை வைத்துப் பாருங்கள். பாதிக் கேஸ் அங்கேயே தீரும். அப்புறம் ஆம்தார் ஆபீஸ். இரண்டாவது காப்பியில் ஆவக் நம்பர் (வரவுப் பதிவு எண்) போட்டு ஸ்டாம்ப் அடித்துத் தரச் சொல்லுங்கள். தர மாட்டேன் என்பார்கள், நின்று வாங்குங்கள். அந்த நம்பர் இருந்தால்தான் நாளைக்குக் கேள்வியாகக் கேட்கச் சொல்லி அவரிடம் போய் நிற்க முடியும்.

ஆன்டாப்ஹில் அருண்

நாலு நாள் கழித்து வருகிறேன், மன்னிக்கவும். பிளம்பர் பார்த்தார், மோட்டார் சரியாக இருக்கிறது. இன்று காலை போனேன். எனக்கு முன்னால் 31 பேர். நம்பர் தர முதலில் மறுத்தார்கள், நின்றேன், தந்தார்கள். தண்ணீர் இன்னும் ஏறவில்லை.

சோலாப்பூர் நண்பரிடம் மாணி, உம்மன் சாண்டி கணக்கைச் சொன்னேன். கொஞ்ச நேரம் யோசித்துவிட்டு, "கேரளத்தில் மழை பெய்யும்" என்றார்.

வாசி மாதுளை

ஹா ஹா. அந்த ஆளை ஒரு நாள் மார்க்கெட்டுக்குக் கூட்டிக்கொண்டு வாங்க. நல்ல பக்வா வந்திருக்கு, ஒரு பெட்டி எடுத்து வைக்கிறேன்.